இடைக்கால ஜீவனாம்சம்: எதிர்க்கலாம், முதலில் கணக்கைக் காட்டட்டும்

மாணவர்களுக்குச் சட்டப் பயிற்சி நடத்தும்போது வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைப் பற்றிக் கேட்டால் பிரிவு எண்ணோடு பதில் வருகிறது. எஃப்.ஐ.ஆர். போட மறுத்தால் யாரிடம் போவது, தீருதவி எப்போது கிடைக்கும், எல்லாம் தெரிந்து வைத்திருக்கிறார்கள். ஜீவனாம்ச வழக்கு என்று பேச்சை எடுத்தால் கூட்டம் அமைதியாகிவிடும். "அது குடும்ப விஷயம்லா அக்கா, நாம எதுக்கு அதுக்குள்ள?" என்று யாராவது ஒரு தம்பி கேட்பான்.

தென்காசி, குற்றாலம், செங்கோட்டை சுற்றுவட்டாரக் காலனிகளில் என்னிடம் வரும் பெண்களில் பெரும்பாலோர் வருவது இந்த வழக்குக்காகத்தான். பீடி சுற்றுகிறவர்கள், நூறு நாள் வேலைக்குப் போகிறவர்கள், லாட்ஜில் அறை கூட்டுகிறவர்கள். இவர்கள் வாழ்க்கையில் நீதிமன்றம் என்றாலே இந்த ஒரு வழக்குதான். இதை நாம் குடும்ப விஷயம் என்று ஒதுக்கினால், நம் பெண்களின் நீதிமன்ற அனுபவம் முழுவதையும் ஒதுக்குகிறோம் என்று அர்த்தம்.

அதனால் இந்த முறை ஒரே ஒரு சின்ன விஷயத்தை எடுத்துக்கொள்கிறேன். இடைக்கால ஜீவனாம்ச உத்தரவை எதிர்த்துப் போகும் மனுக்கள். உத்தரவு வாங்குவது எப்படி என்று சொல்ல நிறையப் பேர் இருக்கிறார்கள். வாங்கிய பிறகு என்ன நடக்கிறது என்று பேச ஆள் குறைவு.

ஜீவனாம்ச வழக்கு முடிய வருஷக்கணக்கில் ஆகும். அதுவரை அந்தப் பெண்ணும் பிள்ளைகளும் எதைச் சாப்பிடுவது? அதற்காக வந்ததுதான் இடைக்கால உத்தரவு. 1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவில் முதலில் இது எழுத்தில் கிடையாது. 1985ல் சாவித்ரி எதிர் கோவிந்த் சிங் ராவத் வழக்கில்தான், மாஜிஸ்திரேட்டுக்கு அந்த அதிகாரம் உள்ளடங்கி இருக்கிறது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 2001ல் நாடாளுமன்றம் அதைச் சட்டத்திலேயே எழுதியது. நோட்டீஸ் சேர்ந்த நாளிலிருந்து 60 நாளுக்குள் கூடுமானவரை முடிக்க வேண்டும் என்றும் சேர்த்தது. மொத்தமாக மாதம் 500 ரூபாய்க்கு மேல் கொடுக்கச் சொல்லக் கூடாது என்ற உச்சவரம்பு நீங்கியதும் அந்தத் திருத்தத்தில்தான். 2024 ஜூலை 1 முதல் அந்தப் பழைய 125, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவாகிவிட்டது. எண் மாறியிருக்கிறது, உரிமை அதேதான்.

இனி எதிர்ப்பு மனுவுக்கு வருவோம். இந்தியாவில் இன்று எல்லா ஜீவனாம்ச வழக்கிலும் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பே இப்படி ஓர் எதிர்ப்பு மனுவில் பிறந்ததுதான். ரஜ்னேஷ் எதிர் நேஹா. 2013 ஜனவரியில் கைக்குழந்தையோடு வீட்டை விட்டு வந்த பெண், அதே வருஷம் செப்டம்பரில் மனுப் போட்டார். நாக்பூர் குடும்ப நீதிமன்றம் 2015 ஆகஸ்டில் மனைவிக்கு மாதம் 15,000 ரூபாயும், குழந்தைக்கு முதலில் 5,000, பிறகு 10,000 என்றும் இடைக்கால உத்தரவு போட்டது. கணவர் பம்பாய் உயர்நீதிமன்றம் போனார். 2018ல் அங்கே தள்ளுபடி. பிறகு உச்ச நீதிமன்றம். 2020 நவம்பர் 4ல் நீதிபதிகள் இந்து மல்ஹோத்ராவும் சுபாஷ் ரெட்டியும் உத்தரவை உறுதிசெய்து, பாக்கியை 12 வாரத்தில் கட்டச் சொன்னார்கள். பிறந்து சில நாளில் அம்மாவோடு வந்த குழந்தைக்கு அப்போது ஏழு வயது நடந்துகொண்டிருக்கும். இடைக்காலம் என்று பெயர். ஒரு பிள்ளையின் பால்பல் விழுகிற வயது வரைக்கும் அது நீண்டது.

அந்தக் குடும்பம் வசதியுள்ள குடும்பம். டெல்லி வரை வழக்கறிஞர் வைக்க இரண்டு பக்கமும் முடிந்தது. அதே பாதையில் நம் காலனிப் பெண் ஒருத்தி போனால் எப்படி இருக்கும்?

தென்காசிப் பக்கத்து ஊர் ஒன்றில் ஒரு தங்கச்சி. அடையாளம் தெரியாதபடி சொல்கிறேன். பள்ளர் சமூகத்துப் பெண், இடைநிலைச் சாதிப் பையன். காதலித்து, நண்பர்கள் நாலு பேர் முன்னால் மாலை மாற்றித் தாலி கட்டிக்கொண்டார்கள். பதிவு செய்யவில்லை. இரண்டரை வருஷம் வாடகை வீட்டில் வாழ்ந்தார்கள். பிள்ளை பிறந்ததும் அவன் வீட்டார் வந்து பேசினார்கள். ஒரு நாள் லோடு எடுக்கப் போகிறேன் என்று போனவன் திரும்பவில்லை. வழக்குப் போட்டோம். வாய்தா மேல் வாய்தா வாங்கினான். பதினாலு மாதம் கழித்து அவளுக்கு 4,000, பிள்ளைக்கு 2,500 என்று இடைக்கால உத்தரவு வந்தது. மனுப் போட்ட நாளிலிருந்து கணக்கு. ஆக, உத்தரவு வந்த அன்றே 91,000 ரூபாய் பாக்கி.

ஒரு பைசா கட்டாமல் அவன் மதுரைக் கிளைக்குப் போனான். மூன்று காரணம் சொன்னான். ஒன்று, கல்யாணமே நடக்கவில்லை. இரண்டு, நான் கூலிக்காரன். மூன்று, அவள் நன்றாகச் சம்பாதிக்கிறாள்.

மூன்றாவதற்கு அவன் கொடுத்த ஆதாரத்தை நீங்கள் பார்க்க வேண்டும். செல்போனில் எடுத்த ஒரு படம். குற்றாலம் சீசனில் பழக்கடை ஒன்றில் அவள் நின்றுகொண்டிருக்கிறாள். முன்னால் ரம்புட்டான், மங்குஸ்தான் குவியல். பின்னால் குளித்துவிட்டு ஈரத்துண்டோடு போகிற கூட்டம். பார்த்தால் கடை அவளுடையது மாதிரித்தான் இருக்கும்.

குற்றாலத்தை அறிந்தவர்களுக்குத் தெரியும். ஜூன் தொடங்கி ஆகஸ்ட் வரை சாரல் இருந்தால் ஊர் நிறையும். மெயினருவியில் தண்ணீர் இல்லை என்று செய்தி வந்தால் லாட்ஜ் காலி, கடை காலி. அடுத்தவர் கடையில் நாள்கூலிக்கு நிற்கிறவளுக்குத் தண்ணீர் விழுகிற நாளில்தான் கூலி. மீதி மாதங்களில் வீட்டில் உட்கார்ந்து பீடி. சீசனில் எடுத்த ஒரு போட்டோவை வைத்து பன்னிரண்டு மாத வருமானம் என்று சொல்வது, ஐப்பசி மழையில் ஒரு நாள் எடுத்த படத்தைக் காட்டி ராமநாதபுரத்தில் வறட்சியே கிடையாது என்று சொல்வதைப் போன்றது. சட்டமும் இதில் தெளிவாகத்தான் இருக்கிறது. தன்னைத் தானே பராமரிக்க இயலாதவள் என்றால் பிச்சை எடுக்கும் நிலையில் இருக்க வேண்டும் என்று பொருள் இல்லை என்பது சதுர்புஜ் எதிர் சீதா பாய் தீர்ப்பு, 2007. ஏதோ கொஞ்சம் சம்பாதிக்கிறாள் என்பதற்காக மட்டும் மறுக்க முடியாது என்பது சுனிதா கச்வாஹா தீர்ப்பு, 2014.

கல்யாணமே நடக்கவில்லை என்பதற்கும் பதில் உண்டு. ஜீவனாம்ச வழக்கில் திருமணத்தைக் கறாராக நிரூபிக்கத் தேவையில்லை என்று 1999ல் துவாரிகா பிரசாத் சத்பதி வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தமிழ்நாட்டில் கூடுதலாக நமக்கு 7ஏ பிரிவு இருக்கிறது. 1967ல் அண்ணா ஆட்சியில் இந்து திருமணச் சட்டத்தில் சேர்த்தது. உறவினரோ நண்பரோ வேறு யாரோ முன்னிலையில் மாலை மாற்றினாலோ மோதிரம் போட்டாலோ தாலி கட்டினாலோ அது திருமணம். புரோகிதர் வேண்டாம், அக்னி வேண்டாம். 2023ல் இளவரசன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை இன்னும் தெளிவாக்கி, ஊரறிய அறிவித்துத்தான் செய்ய வேண்டும் என்பதில்லை என்றது. சாதி மாறிக் கட்டுகிறவர்கள் ஊரைக் கூட்டியா கட்ட முடியும்? எல்லாவற்றுக்கும் மேலாக, பிள்ளையின் ஜீவனாம்சத்துக்குத் திருமணம் செல்லுமா என்ற கேள்வியே கிடையாது. சட்டத்துக்குள் வராத திருமணத்தில் பிறந்தாலும் பிள்ளைக்கு உரிமை உண்டு.

சட்டம் இத்தனை தெளிவாக இருக்கும்போது அவன் ஏன் மதுரைக்குப் போனான்? ஜெயிப்பதற்காகப் போகவில்லை என்பதுதான் என் கணிப்பு. தென்காசியிலிருந்து மதுரை 150 கிலோமீட்டருக்கு மேல். உயர்நீதிமன்றக் கிளை இருப்பது ஊரைத் தாண்டி மேலூர் சாலையில். "ஒரு நா போனா ரெண்டு நா பீடி போச்சு. பிள்ளைய யாருகிட்ட விட்டுட்டுப் போவ? மதுர வரைக்கும் என்னால முடியாதுக்கா, விட்டிருவோம்" என்று அவளே சொன்னாள். அந்த வார்த்தையைத்தான் அவர்கள் எதிர்பார்க்கிறார்கள். தூரமும் நேரமும் பணமுள்ளவன் கையில் இருக்கிற ஆயுதம்.

அவளுக்கு நாங்கள் சொன்னது மூன்று விஷயம். மதுரையில் நீ ஒவ்வொரு வாய்தாவுக்கும் நிற்க வேண்டாம், வழக்கறிஞர் நின்றால் போதும். அந்த வழக்கறிஞருக்கு நீ காசு கொடுக்க வேண்டாம்; 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி பெண் என்பதற்காகவும், பட்டியல் சாதி என்பதற்காகவும் இலவச சட்ட உதவி உன் உரிமை; உயர்நீதிமன்றத்துக்கும் அது பொருந்தும். மூன்றாவது, அவன் மனுப் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு தனியாக வாங்க வேண்டும். வாங்காதவரை ஒவ்வொரு மாதமும் பாக்கி ஏறிக்கொண்டேதான் இருக்கும்.

தடை கிடைத்தது, ஆனால் நிபந்தனையோடு. பாக்கியில் பாதி, 45,500 ரூபாயை நான்கு வாரத்துக்குள் கட்ட வேண்டும். அவன் கட்டவில்லை. தடை தானாக விழுந்தது. கீழே நிறைவேற்று மனுப் போட்டோம். வாரண்ட் வீட்டுக்கு வந்த அன்று சாயங்காலம் 40,000 ரூபாய் வந்தது. கூலிக்காரனிடம் ஒரே சாயங்காலத்தில் அத்தனை பணம் எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை. நாங்கள் கேட்டோம். லோடு வண்டியின் ஆர்.சி.யைத் தாக்கல் செய்யச் சொல்லி மனுப் போட்டிருக்கிறோம். மூல வழக்கு இன்னும் நடக்கிறது.

இதுவரை படித்த தம்பிகள் தலையாட்டியிருப்பீர்கள். சாதி இந்து வீட்டுப் பையன், நம் வீட்டுப் பெண், நியாயம் எந்தப் பக்கம் என்று யோசிக்க வேண்டியதே இல்லை. இனிமேல்தான் கஷ்டமான பகுதி.

இன்னொரு காலனி. கணவன் மனைவி இரண்டு பேருமே நம் ஆட்கள். அவர் கேரளாவில் செங்கல் சூளை வேலை. ஏப்ரல் 14க்கு ஊரில் இருந்தால் நம் மேடைக்கு முதல் ஆளாகக் கம்பு நடுகிறவர். அவர் ஊரில் இல்லாதபோது சம்மன் வந்து, வீட்டுக் கதவில் ஒட்டப்பட்டு, அவர் வராமலே மனைவிக்கும் இரண்டு பிள்ளைகளுக்கும் சேர்த்து 7,000 ரூபாய் இடைக்கால உத்தரவு ஆகிவிட்டது. பாக்கி கேட்டு நோட்டீஸ் வந்த பிறகுதான் அவருக்கே தெரியும். பையன்கள் ஏழெட்டுப் பேர் என்னிடம் வந்தார்கள். "அக்கா, அண்ணனுக்கு எப்படியாவது ஸ்டே வாங்கணும். கூலிக்காரன் ஏழாயிரத்துக்கு எங்க போவாரு?"

கேள்வி நியாயமானதுதான். கூலிக்காரருக்கு எதிராகவும் தப்பான உத்தரவு வரலாம். அவர் தரப்பைக் கேட்காமலே வந்த தொகை அது. எதிர்க்கிற உரிமை அவருக்கு நிச்சயம் உண்டு. நான் திருப்பி ஒன்றுதான் கேட்டேன்: "ரெண்டு வருஷத்துல அண்ணன் வீட்டுக்கு எவ்வளவு அனுப்பியிருக்காரு? போன எடுத்து ஜி-பே கணக்கப் பாப்போம்." தீபாவளிக்கு 3,000. கொடைக்கு 2,000. பிள்ளை ஆஸ்பத்திரியில் இருந்தபோது 1,500. அவ்வளவுதான்.

ஊர்ப் பெரியவர்கள் பேசி முடித்துவிடலாம் என்றார்கள். அவள் வழக்கை வாபஸ் வாங்க வேண்டும், அவர் இனிமேல் ஒழுங்காக அனுப்புவார். நம் பிரச்சனையை நாமே தீர்த்துக்கொள்வோம், கோர்ட் எதற்கு? கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் வாக்குக்கு வாரண்ட் கிடையாது.

அந்தப் பெண்ணோடு வேலை செய்கிறவள் என்பதால் அவருக்கு நான் ஆலோசகராக முடியாது. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகச் சொன்னேன். பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் என்பதால் ஆணானாலும் இலவச வழக்கறிஞர் கிடைப்பார். கிடைத்தார். ஸ்டே கேட்டு மதுரைக்கு ஓடவில்லை. ஒருதலைப்பட்ச உத்தரவை ரத்துசெய்யக் கோரி மூன்று மாதத்துக்குள் அதே நீதிமன்றத்தில் மனுப் போடலாம், அதைப் போட்டார். செலவுத்தொகை கட்டினார். சூளையில் எத்தனை மாதம் வேலை, என்ன கூலி, அம்மாவுக்கு மருந்துச் செலவு என்ன என்று எல்லாவற்றையும் எழுதிப் பிரமாணப் பத்திரம் கொடுத்தார். தொகை 5,000 ஆனது. ஒவ்வொரு மாதமும் 10ஆம் தேதிக்குள் வங்கிக் கணக்கில்.

குறைத்துவிட்டார்களே என்று அந்தப் பெண்ணிடம் தயங்கித் தயங்கிச் சொன்னேன். "ஏழாயிரம் பேப்பர்ல இருந்து என்ன செய்யக்கா? அஞ்சாயிரம்னாலும் மாசாமாசம் கைக்கு வந்தாப் போதும்" என்றாள்.

இரண்டு ஆண்களுமே உத்தரவை எதிர்த்தார்கள். ஒருவன் கணக்கை மறைத்து எதிர்த்தான். மற்றவர் கணக்கைக் காட்டி எதிர்த்தார். இந்த வேறுபாட்டை வைத்துத்தான் நாம் யார் பக்கம் நிற்பது என்று முடிவுசெய்ய வேண்டும். நம் ஆளா, அவர்கள் ஆளா என்பதை வைத்து அல்ல.

ரஜ்னேஷ் எதிர் நேஹா தீர்ப்பின் சாரமும் அதுதான். இரண்டு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகக் கொடுக்க வேண்டும். கிராமத்து விவசாயக் குடும்பங்களுக்குத் தனிப் படிவமே உண்டு. எதிர்த்தரப்புக்கு நான்கு வாரம் அவகாசம்; பதிலுக்கு என்று இரண்டு வாய்தாவுக்கு மேல் கூடாது. வறுமைக்கோட்டுக்குக் கீழ் உள்ளவர்களுக்கும் தினக்கூலிகளுக்கும் மட்டும் பத்திரம் தேவையில்லை என்று விலக்கு கொடுத்தார்கள். இரக்கத்தோடு கொடுத்த விலக்குதான். ஆனால் லோடு வண்டி வைத்திருக்கிறவன் 'நான் கூலி' என்று சொல்லி நுழைவதும் அந்த வாசல் வழியாகத்தான். அதனால் நம் பக்கத்துப் பெண்களிடம் நான் சொல்வது: விலக்கு இருந்தாலும் பத்திரம் போடு. உன் பீடிக் கூலி, சீசன் கூலி எல்லாவற்றையும் நீயே முதலில் எழுது. நீயே சொல்லிவிட்டால் போட்டோவுக்கு மதிப்பு இல்லை.

உத்தரவை எதிர்க்கும் வழி, அது எந்தச் சட்டத்தில் வந்தது என்பதைப் பொறுத்து மாறும். குடும்ப வன்முறைச் சட்டத்தில் வந்தது என்றால் 30 நாளுக்குள் செஷன்ஸ் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. இந்து திருமணச் சட்டம் 24ஆம் பிரிவில் வந்ததற்கு 1976 திருத்தத்துக்குப் பிறகு மேல்முறையீடு கிடையாது. அரசியல் சட்டப் பிரிவு 227ன் கீழ் உயர்நீதிமன்றம்தான் போக வேண்டும். 144ல் வந்தது என்றால், இடைக்கால உத்தரவை எதிர்த்துச் சீராய்வு மனுப் போட முடியுமா என்பதிலேயே உயர்நீதிமன்றங்களுக்குள் கருத்து வேறுபாடு உண்டு. நிலைமை மாறிவிட்டது, வேலை போய்விட்டது, உடம்பு முடியவில்லை என்றால் 146ஆம் பிரிவின் கீழ் தொகையை மாற்றக் கேட்கலாம். பெண்ணும் கூட்டிக் கேட்கலாம். இத்தனை வழி இருக்க, கட்டாமல் இருப்பது ஒரு வழியே கிடையாது. ஒவ்வொரு மாத பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறை உண்டு. சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது என்று 1988ல் குல்தீப் கவுர் வழக்கிலேயே சொல்லியாகிவிட்டது.

களத்தில் நிற்கிறவர்கள் மனதில் வைக்க வேண்டியவை நான்கு.

1. நாம் முன்னின்று நடத்தி வைக்கும் சாதி மறுப்புத் திருமணங்களைப் பதிவு செய்யாமல் விடாதீர்கள். 2009ஆம் ஆண்டுச் சட்டப்படி தமிழ்நாட்டில் பதிவு கட்டாயம். பதிவுச் சான்று ஒன்று இருந்தால் அந்தத் தங்கச்சிக்கு 'கல்யாணமே நடக்கவில்லை' என்ற வாதத்துக்குப் பதில் சொல்ல வேண்டிய வேலையே வந்திருக்காது.

2. பாக்கி ஏறினால் ஒரு வருஷத்துக்குள் நிறைவேற்று மனுப் போட வேண்டும். வாரண்ட் கேட்க அதுதான் கெடு. மதுரையில் வழக்கு நடக்கிறதே என்று இங்கே சும்மா இருந்தால் பழைய மாதங்கள் கையை விட்டுப் போகும். தமிழ்நாட்டிலிருந்து போன பூங்கொடி எதிர் தங்கவேல் வழக்கில், அந்தக் கெடு வாரண்டுக்குத்தானே தவிர பணம் பெறும் உரிமையையே அழிப்பதில்லை என்று 2013ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நல்ல தீர்ப்பு. ஆனால் அந்த அம்மா ஜீவனாம்சம் கேட்டு மனுப் போட்டது 1993ல். இருபது வருஷம். நம் பெண்களை அந்தக் காத்திருப்புக்கு அனுப்ப வேண்டாம்.

3. யாராவது 'ஸ்டே வாங்கணும்' என்று வந்தால், யாராக இருந்தாலும், எவ்வளவு வருமானம், இதுவரை எவ்வளவு கொடுத்தார் என்று முதலில் கேளுங்கள். கணக்குக் காட்டினால் உதவுங்கள். காட்டாவிட்டால் அவருக்காக நீங்கள் சாட்சிக்கூட போகாதீர்கள்.

4. இரண்டு பேருமே நம் ஆட்கள் என்றால் இரண்டு பேருக்கும் தனித்தனி சட்ட உதவி ஏற்பாடு செய்யுங்கள். ஊர்ப் பேச்சுவார்த்தையில் முடித்தாலும், முடிந்ததை நீதிமன்றத்தில் பதிவு செய்யுங்கள்.

அம்பேத்கர் 1951ல் சட்ட அமைச்சர் பதவியிலிருந்து விலகியதற்கு அவர் சொன்ன காரணங்களில் இந்து சட்டத் தொகுப்பு மசோதா கைவிடப்பட்டதும் ஒன்று. திருமணம், மணவிலக்கு, சொத்து, ஜீவனாம்சம் எல்லாம் அதற்குள் இருந்தன. வீட்டுக்குள் ஒரு பெண்ணுக்கு என்ன உரிமை என்பதற்காக மந்திரி பதவியை விட்டவர் அவர். அவர் படத்தை மேடையில் வைத்துவிட்டு, இதைக் குடும்ப விஷயம் என்று நாம் சொல்ல முடியாது.

அடுத்த பயிற்சி வகுப்பில் இதற்கு அரை நாள் ஒதுக்கியிருக்கிறேன். வருகிறவர்கள் பிரமாணப் பத்திரப் படிவத்தை ஒரு தடவை நிரப்பிப் பார்த்துவிட்டு வாருங்கள். உங்கள் வீட்டுக் கணக்கையே எழுதிப் பாருங்கள். அம்மாவின் வருமானம் என்ற கட்டத்தில் என்ன எழுதுவீர்கள் என்று பேசுவோம்.